கடுகுக்குச் சொன்னது

திப்ருகர்,
3 செப்டம்பர் 1973

மதிப்பிற்குரிய அண்ணன் ஹலதர் அவர்களுக்குப் பதுமி எழுதுவது. நீங்களும் அண்ணி தருலதாவும் நலமாக இருப்பீர்கள் என்று நினைக்கிறேன். இங்கே நலமில்லை. நலமாக இருந்திருந்தால் இந்தக் கடிதமே வந்திருக்காது.

ஆறு வருஷத்துக்கு முன்னால் உடம்பு முடியாத என் மகன் பொகுலைத் தூக்கிக்கொண்டு சிமலுகாட்டுக்கு வந்தேன். திரும்பும்போது வெறும் கையோடு படகேறினேன். உங்கள் வாசலை இனி மிதிப்பதில்லை என்று அன்றைக்கே முடிவு செய்தேன். அது இப்போதும் மாறவில்லை. ஆனால் அவனுக்குப் பிறகு எனக்கு ஒரு மகள் பிறந்திருக்கிறாள். பெயர் செவாலி, நாலு வயது. மழை தொடங்கியதிலிருந்து அவளுக்கு வலிப்பு வருகிறது. முதலில் வாரம் ஒன்று வந்தது, இப்போது தினமும் வருகிறது. பேச்சும் நின்றுவிட்டது. பெரிய டாக்டர் மருந்தை மாற்றி மாற்றிக் கொடுத்துப் பார்த்துவிட்டு, "மனசத் திடப்படுத்திக்கோங்கம்மா" என்று சொல்லிவிட்டார்.

நானும் மந்திரிக்கிற பெஜ் வீட்டில் பிறந்தவள்தான். மந்திரம் உங்களுக்குத்தான் வந்தது, வழக்கம் எனக்கும் தெரியும். பெஜ் கடுகைக் கையில் வைத்துக்கொண்டு தன் நினைவு ஒன்றை அதற்கு முழுதாகச் சொல்ல வேண்டும். சொல்லி முடித்ததும் நினைவு அவனை விட்டுப் போய்விடும், கடுகுக்கு வலு வந்துவிடும். பல்வலிக்குப் போன வாரம் சாப்பிட்ட மீன்குழம்பு போதும். உயிருக்கு மன்றாடும் பிள்ளைக்கு உயிருக்கு உயிரானதைத்தான் கொடுக்க வேண்டும். பொகுலுக்கு நீங்கள் ஏதோ சில்லறையைக் கொடுத்தீர்கள் என்பது அவன் போனதிலேயே தெரிந்துவிட்டது.

இந்தத் தடவையாவது கஞ்சத்தனம் வேண்டாம். அண்ணிக்கு என் வணக்கம்.

பதுமி

*

சிமலுகாட்,
17 செப்டம்பர் 1973

என் வாயாடித் தங்கச்சி பதுமிக்கு அண்ணன் ஹலதரின் ஆசிகள். மாப்பிள்ளைக்கும் செவாலிக் குட்டிக்கும் அன்பு. நாங்கள் நலம். வெள்ளம் படிக்கட்டு வரை வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போய்விட்டது.

எப்போதிருந்து எனக்கு 'நீங்கள்' போட ஆரம்பித்தாய்? பள்ளிக்கூட இன்ஸ்பெக்டர் யாரோ எழுதியிருக்கிறார் என்று பயந்து, எழுந்து நின்று படித்தேன். உன் அண்ணி சிரிக்கிறாள். "தங்கச்சி திட்டி எழுதுனதுக்கு இந்த மனுசன் ஊரெல்லாம் காட்டி மகிழ்ந்து போறாரே" என்கிறாள். திட்டட்டுமே. ஆறு வருஷமாகத் திட்டக்கூட ஆளில்லாமல் இருந்தேன்.

பொட்டலத்தில் கடுகு வைத்திருக்கிறேன். குழந்தையின் கட்டிலைச் சுற்றித் தூவு. மிச்சத்தைத் துணியில் முடிந்து தலைமாட்டில் வை. டாக்டர் மருந்தையும் நிறுத்தாதே. நல்லதாகத்தான் ஒன்றைக் கொடுத்திருக்கிறேன். எது என்று எனக்குத் தெரியாது. ஆனால் படகில் ஏறினால் கை தானாகத் துடுப்பு போடுகிறது, இதை யார் எனக்குச் சொல்லிக் கொடுத்தார் என்று மட்டும் பிடிபடவில்லை.

உனக்குத் தெரிந்ததுதான், இருந்தாலும் சொல்கிறேன். பழைய கதை எதையும் நீயாக எனக்கு எழுதாதே. நான் கொடுத்தது எதுவோ, தப்பித் தவறி அதையே நீ சொல்லிவிட்டால் நினைவு என்னிடம் திரும்பிவிடும், நோய் குழந்தையிடம் திரும்பிவிடும். நானாகப் பேசுவதைப் பற்றி மட்டும் நீயும் பேசு. அம்மா வைக்கும் புளிப்பு மீன்குழம்பில் நீ குடம்புளியை அள்ளிப் போட்டுவிட்டு ஓடினாயே, அதெல்லாம் என்னிடம் பத்திரமாக இருக்கிறது.

குழந்தையைப் பற்றி உடனே எழுது.

ஹலதர்

*

திப்ருகர்,
5 அக்டோபர் 1973

அண்ணனுக்கு வணக்கம். உங்கள் இருவர் உடல்நலத்துக்கும் வேண்டிக்கொள்கிறேன்.

கடுகைத் தூவினேன். ஒன்பது நாள் வலிப்பு வரவில்லை. பத்தாம் நாள் சோறு ஊட்டும்போது வந்தது. அன்று மட்டும் மூன்று முறை. நீங்கள் சொன்னபடி எல்லாம் செய்தேன். ஆகவே குறை என் பக்கம் இல்லை.

நீங்கள் சிரித்துச் சிரித்து எழுதுகிறீர்கள். எனக்குச் சிரிக்க வரவில்லை. பொகுல் அன்று காலையில் எழுந்து உட்கார்ந்து கஞ்சி குடித்தான். சாயங்காலம் போய்விட்டான். அரை நாளுக்குத்தான் வலு இருந்தது. இவளுக்கு ஒன்பது நாள். அண்ணனின் கை தாராளமாகிக்கொண்டு வருகிறது என்று நான் சந்தோஷப்பட வேண்டுமா?

எதை யாருக்காகச் சேர்த்து வைத்திருக்கிறீர்கள் என்று தெரியவில்லை.

பதுமி

*

சிமலுகாட்,
20 அக்டோபர் 1973

பதுமிக்கு ஆசிகள். மாப்பிள்ளை நலமா? உன் முதுகுவலி எப்படி இருக்கிறது? இங்கே அறுவடைக்கு முந்தைய சுணக்கம். உடம்புக்கு ஒன்றுமில்லை.

உன் கடிதத்தில் தப்பு ஒன்றும் இல்லை. நோகிறவள் அப்படித்தான் எழுதுவாள். புதுப் பொட்டலம் அனுப்பியிருக்கிறேன். போன முறையைவிடக் கனமானது.

எங்கள் வீட்டுச் சுவரில் ஒரு அம்மாவின் படம் மாட்டியிருக்கிறது. வெள்ளைச் சீலை, கொஞ்சம் மாறுகண். "யாரு இது, உன் பக்கத்துச் சொந்தமா?" என்று உன் அண்ணியைக் கேட்டேன். அவள் பதில் சொல்லாமல் அடுக்களைக்குள் போய்விட்டாள். வெகுநேரம் வெளியே வரவில்லை. அப்படியென்றால் எனக்கு வேண்டியவர்தான் என்று புரிந்துகொண்டேன். தினமும் காலையில் அந்தப் படத்துக்கு ஒரு கும்பிடு போடுகிறேன். யாராக இருந்தாலும் கும்பிட்டால் குறைந்துபோய்விட மாட்டேன்.

செவாலியின் வாயிலிருந்து ஒரு வார்த்தை வந்தாலும் உடனே எழுது.

ஹலதர்

*

திப்ருகர்,
12 நவம்பர் 1973

அண்ணா,

நீ நலமா, அண்ணி நலமா என்று முறைப்படி கேட்டுத் தொடங்கத்தான் உட்கார்ந்தேன். முடியவில்லை. படத்தைப் பற்றி எழுதியிருந்தாயே, அதைப் படித்துவிட்டுக் கொல்லையில் போய் அழுதேன். அதைப் பற்றி நான் ஒரு வார்த்தையும் எழுத மாட்டேன். நீ கும்பிட்டுக்கொண்டே இரு.

பதினைந்து நாள் செவாலி நன்றாக இருந்தாள். "தண்ணி" என்றாள். கறுப்புக் கோழியைப் பார்த்து "வா" என்றாள். முந்தாநாள் வந்த வலிப்பு ஒரு மணி நேரம் நிற்கவில்லை. அதிலிருந்து இடது கை தொங்கிப்போய்விட்டது. இன்னொன்று இப்படி வந்தால் தாங்காது என்கிறார் டாக்டர்.

உன்னிடம் இன்னும் கேட்க எனக்கு வாய் கூசுகிறது. உன்னைக் கஞ்சன் என்று எழுதிய கையால் இதையும் எழுதுகிறேன். கேட்காமல் இருந்தால் நான் நல்ல தங்கச்சியாக இருப்பேன். ஆனால் அவளுக்கு அம்மாவாக இருக்க முடியாது. இருப்பதில் பெரியதைக் கொடு, அண்ணா.

உன் பதுமி

*

சிமலுகாட்,
28 நவம்பர் 1973

என் பதுமிக்கு,

அண்ணனின் ஆசிகள் உனக்கும் உன் குடும்பத்துக்கும் என்றைக்கும் உண்டு. நாங்கள் நலமே.

அழாதே. நீ கேட்டது சரிதான். எனக்கு இப்போது ஒரு பிள்ளை இருந்து நீ பெஜ்ஜாக இருந்தால் நானும் இப்படித்தான் கேட்டிருப்பேன், உன் முடியைப் பிடித்து இழுத்து வேறு கேட்டிருப்பேன்.

மூன்று நாளாக யோசித்தேன். என்னிடம் இருப்பதில் பெரியது எது என்று தெரிந்துவிட்டது. யோசிக்கவே தேவையில்லாததுதான். கொடுக்க மனம் வராமல் யோசிப்பதுபோல் பாசாங்கு செய்தேன்.

இந்த முறை கடிதத்தை முதலில் எழுதிவிடுகிறேன். கவரில் முகவரியும் எழுதிவிட்டேன். கடுகுக்குச் சொல்லி முடித்த பிறகு உன் அண்ணி பொட்டலத்தை உள்ளே வைத்து ஒட்டி அனுப்புவாள். இனிமேல் எழுதுவதானால் அண்ணிக்கு எழுது, எனக்கு வேண்டாம்.

பதுமி, உடம்பைப் பார்த்துக்கொள். முதுகுக்கு நல்லெண்ணெய் தேய். கோபத்தை வைத்துக்கொள், அது உனக்கு அழகாக இருக்கிறது. வேறு என்ன எழுத? தாளில் இடமிருக்கிறது என்பதற்காக உன் பெயரையே எழுதலாம் போலிருக்கிறது. பதுமி. பதுமி. நல்ல பெயர்.

ஹலதர்

*

திப்ருகர்,
6 ஜனவரி 1974

என் தங்கமான அண்ணனுக்கு நூறு கும்பிடு. நீயும் அண்ணியும் நூறு வயது இருக்க வேண்டும்.

ஒரு மாதமாகக் காத்திருந்து பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன். பயத்தில் யாரிடமும் சொல்லவில்லை. வலிப்பு ஒன்றுகூட வரவில்லை அண்ணா! இடது கையால் என் காதைப் பிடித்துத் திருகுகிறாள். பேச்சோ, வாயை மூட வைக்க முடியவில்லை. நேற்று டாக்டரைப் பார்த்து, "உனக்கு ஏன் மூக்குல முடி இருக்கு?" என்று கேட்டாள். அவர் அவளை மடியில் தூக்கி வைத்துக்கொண்டு வெகுநேரம் சோதித்துவிட்டு மிட்டாய் கொடுத்தார்.

அண்ணிக்கு எழுதச் சொன்னாய். எனக்குப் பொறுக்கவில்லை. மாக பிஹு அறுவடைத் திருநாளுக்கு அவளையும் கூட்டிக்கொண்டு வருகிறேன். ஆறு வருஷமாக உன்னை நான் பேசிய பேச்சுக்கெல்லாம் உன் காலில் விழ வேண்டும். நீ சின்ன வயசு எதையாவது கொடுத்திருப்பாய் என்று நினைக்கிறேன். போனால் போகட்டும், நான் இருக்கிறேன், நீ அண்ணன் நான் தங்கை என்பதற்கு வேறு என்ன வேண்டும்?

வாசலில் நின்று என்னைத் திட்டு. நான் வருகிறேன்.

பதுமி

*

சிமலுகாட்,
10 ஜனவரி 1974

பதுமிக்கு அண்ணி தருலதாவின் ஆசிகள். குழந்தை சுகம் என்று படித்துப் பிரார்த்தனைக் கூடத்தில் விளக்கேற்றினேன். தந்தி கொடுத்தால் உன் பதில் தந்தி அவர் கையில் விழும் என்று பயந்து, என் தம்பியை ரயிலேற்றி இந்தக் கடிதத்தைக் கொடுத்தனுப்புகிறேன். நீ கிளம்பியிருந்து வழியில் அவன் உன்னைப் பார்த்தால், பாதியிலேயே இறங்கித் திரும்பிப் போ.

உன் கடிதத்தை நான்தான் வாங்கினேன். படித்து அடுப்பில் போட்டுவிட்டேன். அவர் கண்ணில் காட்டவில்லை. அவருக்கு உன்னைத் தெரியாது பதுமி. அவர் கொடுத்தது உன்னைத்தான். நீ பிறந்ததிலிருந்து கடைசிக் கடிதம் வரை, முழுதாக. கடுகுக்குச் சொல்லி முடிக்கக் காலையிலிருந்து மத்தியானம் வரை ஆயிற்று. கதவுக்கு வெளியே உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தேன். நடுவில் இரண்டு தடவை சிரித்தார். வெளியே வந்து, "நல்ல பசி" என்றார். "எந்த ஊர்ப் புள்ளைக்கு மந்திரிச்சேன்?" என்று கேட்டார். திப்ருகரில் ஒரு அம்மாவின் பிள்ளைக்கு, செவாலி என்று பெயர் என்று மட்டும் சொன்னேன். இப்போதெல்லாம் கேட்பவர்களிடம், "நான் ஒத்தப் புள்ள" என்கிறார். ஊரில் யாரும் மறுத்துப் பேசுவதில்லை. பெஜ்ஜின் ஊர் இது, வழக்கம் தெரிந்தவர்கள்.

நீ வாசலில் வந்து "அண்ணா" என்று ஒரு தடவை கூப்பிட்டால் போதும், அவருக்கு எல்லாம் திரும்பிவிடும். செவாலிக்கும் திரும்பிவிடும்.

நான் மிகைப்படுத்துகிறேன் என்று நினைத்து நீ வந்துவிடுவாய் என்று பயமாக இருக்கிறது. அதனால், சொல்லவே மாட்டேன் என்று அவருக்குச் சத்தியம் செய்து கொடுத்ததைச் சொல்கிறேன். பாவம் என்னோடு போகட்டும்.

பொகுலுக்கு அவர் சில்லறையைக் கொடுக்கவில்லை. எங்கள் மைனாவைக் கொடுத்தார். எங்களுக்கு இருந்த ஒரே மகள், மூன்று வயதில் போனவள், உனக்குத் தெரியாதா. மந்திரித்த மறுநாள் காலையில் பொகுல் எழுந்து கஞ்சி குடித்தான். நான் பத்திரமாக வைத்திருந்த அவளுடைய சின்னப் பாவாடை கொடியில் கிடந்தது. அதை எடுத்து இவர் என்னிடம், "யாரு வீட்டுப் புள்ளையோடது, குடுத்துடு" என்றார். அப்போதுதான் எனக்குத் தெரிந்தது.

மத்தியானம் பொகுலுக்குக் கொஞ்சம் உடம்பு சுட்டது. நீ பதறிப்போய் அவர் சட்டையைப் பிடித்து உலுக்கினாய். "உன் மைனா போனப்ப நீ எப்படித் துடிச்ச! அந்த வலி எனக்கு வரக்கூடாதுன்னாவது நெனச்சுக் கொடேன் அண்ணா" என்று கத்தினாய். நான் ஓடி வந்து உன் வாயைப் பொத்துவதற்குள் சொல்லி முடித்துவிட்டாய். அவர் அப்படியே தரையில் உட்கார்ந்து, "மைனா, மைனா" என்று அழுதார். அன்று சாயங்காலம் பொகுல் போனான்.

உன்மேல் தப்பில்லை. அவர் எதைக் கொடுத்தார் என்று உனக்கு எப்படித் தெரியும்? ஆனால் அவர் பேசும் முன்னால் நீ பேசிவிட்டாய். அன்றைக்கே அவர் என்னிடம் சொன்னார்: "புள்ளையப் பறிகொடுத்தவ. இதுவும் தெரிஞ்சா உசுரோட இருக்க மாட்டா. மந்திரம் பலிக்கலன்னே இருக்கட்டும். திட்டுனா எம் முதுகு தாங்கும்."

இன்னொன்றும் சொல்கிறேன். அவர் மைனாவை நினைத்து அழ ஆரம்பித்தபோது, ஐயோ, எனக்கு ஆறுதலாக இருந்தது. அவளுக்காக அழ நான் ஒருத்தி மட்டும் இல்லை என்று. உள்ளே உன் பிள்ளை போய்க்கொண்டிருந்தான், எனக்கு ஆறுதலாக இருந்தது. என்னை மன்னிப்பாயோ மாட்டாயோ.

வராதே. குழந்தைக்கு என் முத்தம்.

தருலதா

*

திப்ருகர்,
20 மார்ச் 1974

அண்ணிக்கு வணக்கம். உங்கள் உடல்நலத்துக்கு வேண்டிக்கொள்கிறேன். செவாலி சுகம்.

உங்கள் தம்பி வந்தபோது மூட்டை கட்டிக்கொண்டிருந்தேன். அவிழ்த்துவிட்டேன். அதற்குப் பிறகு இரண்டு மாதம் பேனாவைத் தொட முடியவில்லை. என் பிள்ளையை என் வாயே கொன்றது. அந்தப் பழியையும் அண்ணன் தூக்கிக்கொண்டு ஆறு வருஷம் இருந்தார், நான் அவரைக் கஞ்சன் என்றேன். உங்களை மன்னிக்க நான் யார் அண்ணி? நீங்கள்தான் என்னை மன்னிக்க வேண்டும்.

கேட்க மன்னிப்பும் இல்லை, சொல்ல நன்றியும் இல்லை என்று ஆகிவிட்டது. கேட்க வேண்டியவருக்கு நான் யாரென்றே தெரியாது. ஒன்றே ஒன்றுக்கு அனுமதி கொடுங்கள். யாரோ ஒரு பிள்ளையின் தாயாக ஒரு தரம் எழுதுகிறேன். பெயர் போட மாட்டேன். உறவு சொல்லிக் கூப்பிட மாட்டேன். பக்கத்து வீட்டுப் பெண்ணை எழுதச் சொல்லி அனுப்புகிறேன், கையெழுத்துகூட என்னுடையதாக இருக்காது.

பதுமி

*

திப்ருகர்,
8 ஏப்ரல் 1974

மதிப்பிற்குரிய பெஜ் ஐயா அவர்களுக்கு,

நீங்களும் உங்கள் மனைவியாரும் நலமாக இருக்க வேண்டும். நவம்பரில் நீங்கள் மந்திரித்துக் கொடுத்த கடுகால் என் மகள் செவாலி பிழைத்தாள். இப்போது ஓடுகிறாள், பாடுகிறாள், எல்லோரையும் கேலி செய்கிறாள். நீங்கள் எதைக் கொடுத்தீர்களோ எனக்குத் தெரியாது. அது உங்களுக்கு எவ்வளவு பெரியதாக இருந்திருக்கும் என்பது மட்டும் தெரியும்.

பொஹாக் பிஹு வருகிறது. புது வருஷத்துக்கு என் தறியில் ஒரு துண்டு நெய்து அனுப்பியிருக்கிறேன். வெள்ளையில் சிவப்புக் கரை. மறுக்காமல் வாங்கிக்கொள்ள வேண்டும்.

செவாலியின் தாய்

*

சிமலுகாட்,
26 ஏப்ரல் 1974

செவாலியின் தாயாருக்கு ஹலதர் பெஜ்ஜின் நமஸ்காரம். புது வருஷம் உங்கள் வீட்டுக்கு நல்லதையே கொண்டுவரட்டும்.

கடிதம் கண்டு மிக்க மகிழ்ச்சி. குழந்தைக்கு என் ஆசிகளைச் சொல்லுங்கள். நான் என்ன கொடுத்தேன் என்று நீங்கள் வருத்தப்பட வேண்டாம். போனது எதுவோ, எனக்கு ஒன்றும் குறையாகத் தெரியவில்லை. நன்றாகச் சாப்பிடுகிறேன், தூங்குகிறேன்.

துண்டைப் பிரித்துப் பார்த்தேன் அம்மா. கோபித்துக்கொள்ளாதீர்கள், திருப்பி அனுப்புகிறேன். மந்திரித்தவனுக்குக் கொடுக்கிற துண்டு வேறு மாதிரி இருக்கும். கடைத்தெருவில் வாங்கியதே போதும். இது அப்படி இல்லை. கரை முழுக்கக் கையால் பூ எடுத்திருக்கிறீர்கள், ஒரு இழை தப்பவில்லை. குறைந்தது இரண்டு மாத வேலை. எங்கள் பக்கத்தில் பெண்கள் இவ்வளவு பாடுபட்டுப் பிஹு துண்டு நெய்வது கூடப் பிறந்த அண்ணனுக்குத்தான். என் மனைவி தன் தம்பிக்கு நெய்வதைப் பார்த்திருக்கிறேன். எனக்கு உடன்பிறந்தவர்கள் கிடையாது, அதனால் இப்படி ஒரு துண்டு எனக்கு வந்ததில்லை. ஆசையாகத்தான் இருந்தது. தோளில் ஒரு தரம் போட்டுப் பார்த்தேன், மறைக்க மாட்டேன். இருந்தாலும் இன்னொருவனுக்குச் சேர வேண்டியதை நான் வைத்துக்கொள்ளக் கூடாது.

உங்கள் அண்ணனுக்கே கொடுங்கள். ஏதாவது மனத்தாங்கல் இருந்து அவருக்கு அனுப்பாமல் எனக்கு அனுப்பினீர்களோ என்று என் மனைவியிடம் சொன்னேன். அவள் எழுந்து போய்விட்டாள், பெண்கள் விஷயத்தில் நான் மூக்கை நுழைப்பது அவளுக்குப் பிடிக்காது. என்றாலும் சொல்கிறேன். மனத்தாங்கல் இருந்தால் நீங்களே முதலில் போங்கள். அவர் வாசலைப் பார்த்துக்கொண்டுதான் இருப்பார்.

ஹலதர்

*

திப்ருகர்,
9 மே 1974

மதிப்பிற்குரிய பெஜ் ஐயா அவர்களுக்கு வணக்கம். நீங்கள் இருவரும் நலமாக இருப்பதில் மகிழ்ச்சி. நாங்கள் நலம்.

துண்டு வந்து சேர்ந்தது. திரும்பவும் உங்களுக்கே அனுப்பியிருக்கிறேன். தயவு செய்து தோளில் போட்டுக்கொள்ளுங்கள். நீங்கள் நினைப்பதுபோல் மனத்தாங்கல் எதுவும் இல்லை, யாருக்கும் சேர வேண்டியதை நான் உங்களுக்குக் கொடுக்கவும் இல்லை.

எனக்கு அண்ணன் கிடையாது, ஐயா.

செவாலியின் தாய்